இந்த ஒரு கேமுக்கு மட்டும்

செஞ்சி
3 ஜூலை 2025

அண்ணா,

போனில் சொன்னால் தலையும் வாலும் இல்லாமல் சொல்கிறேனாம், ஆபீஸ் கஸ்டமர் மாதிரி மெயிலில் எழுதினால்தான் பார்ப்பாயாம். சரி, உன் தங்கை இனிமேல் கஸ்டமர். பார்த்துக்கொள்.

கல்யாண ஆல்பம் செய்கிற சாஃப்ட்வேர் நடுநடுவே செத்துப்போகிறது. பெரிய படமாக இழுத்து வைத்தால் திரை கறுத்துவிடுகிறது. பிறகு கிராபிக்ஸ் கார்டின் பெயரைப் போட்டு ஏதோ திட்டுகிறது. ஸ்டுடியோ கலைவாணி அக்கா, "இன்னாடி, பொண்ணு மாப்பிள்ளைக்கு புள்ளையே பொறந்துடும் போல, ஆல்பம் வரலை" என்கிறாள். ஆனி மாத முகூர்த்தம் எல்லாம் என் தலையில்தான் இருக்கிறது. ஏதாவது செய்.

நைனா பரவாயில்லை. சித்திரையில் மார்க்கெட் கமிட்டி வாசலில் நெல் மூட்டை இறக்கும்போது தலை சுற்றி விழுந்த மனிதரா இவர் என்று இருக்கிறது. சாயங்காலம் நான் எழுந்ததும் என் நாற்காலி அவருடையது. நீ மே மாதம் வந்தபோது கம்ப்யூட்டரில் லாரி ஓட்டுகிற கேம் போட்டு மாட்டிக்கொடுத்த ஸ்டியரிங்கைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வார். காலைத் துடைத்துவிட்டுத்தான் பெடலில் வைப்பார், தன் வண்டியில் வெறுங்காலோடு ஓட்டிய பழக்கம். லண்டன் பக்கத்து ரோட்டில் எவனும் ஹாரன் அடிப்பதில்லை, இவர் மட்டும் திருப்பத்துக்குத் திருப்பம் அடிக்கிறார். ஏற்றிய லோடை இறக்காமல் எழுந்திருப்பதில்லை. அம்மா சாப்பிடக் கூப்பிட்டால், "இரு, லோடு இருக்குது" என்கிறார். "இன்னா லோடு? நீ முதுகுல தூக்குறியா?" என்று அவள் உள்ளேயிருந்து கத்துகிறாள்.

வீட்டுப் பின்பக்கம் அவருடைய லோடு வண்டி தார்ப்பாய் போர்த்தியபடி நிற்கிறது. வாரம் ஒருமுறை ஸ்டார்ட் செய்து ஓடவிடுகிறார். நகர்த்துவதில்லை. "காதுக்குள்ள பேலன்ஸ் நரம்பு வீங்கியிருக்குது, தீபாவளி முடிச்சி வாங்க, அதுவரைக்கும் ஓட்டக் கூடாது" என்று புதுச்சேரி டாக்டர் சொன்னதை அப்படியே கேட்கிறார். நம் நைனா ஒருவர் சொல்வதைக் கேட்டு நான் பார்ப்பது இதுதான் முதல் முறை.

வெண்மதி


பெங்களூரு
4 ஜூலை 2025

வெண்மதி,

என் கஸ்டமர்கள் உன்னைவிட நன்றாக எழுதுகிறார்கள். திரையில் என்ன எரர் வந்தது என்று இல்லை, எந்த வெர்ஷன் என்று இல்லை. அம்மா உள்ளேயிருந்து கத்தியது மட்டும் இருக்கிறது.

கார்டின் டிரைவர் சாஃப்ட்வேர் பழசு. புதியதை இறக்கு, லிங்க் கீழே இருக்கிறது. இன்ஸ்டால் செய்யும்போது ‘கிளீன் இன்ஸ்டால்’ என்று ஒரு கட்டம் வரும். அதை டிக் செய். பழைய செட்டிங் எல்லாம் போய்விடும் என்று எச்சரிக்கும். போகட்டும், குப்பை. சரி என்று அழுத்திவிட்டு ரீஸ்டார்ட் செய். ஏன், எதற்கு என்று திருப்பி மெயில் போடாதே. சொன்னாலும் உனக்குப் புரியாது, எனக்கும் நேரம் இல்லை. ராத்திரி ஷிப்டு முடித்து வந்து பகலில் தூங்குகிறவன் நான்.

நிற்கிற வண்டியைப் பற்றி நான் சொன்னது சொன்னதுதான். டயர் வெடித்துப்போகும், பேட்டரி செத்துப்போகும். விற்றுவிடுவதுதான் புத்தி. நைனாவுக்கு நீதான் ஏற்றிவிடுகிறாய்.

வளவன்


செஞ்சி
7 ஜூலை 2025

அண்ணா,

டிக் செய்தேன். ஏன் என்று கேட்கவில்லை. ஆல்பம் பறக்கிறது! ஒரே நாளில் மூன்று கல்யாணத்தை முடித்துவிட்டேன். கலைவாணி அக்கா உனக்கு பிரியாணி போடுவதாகச் சொல்லியிருக்கிறாள். நீ ஊருக்கு வந்தால்தானே.

நைனா நேற்று உட்கார்ந்தார், கொஞ்ச நேரத்திலேயே எழுந்துவிட்டார். "லோடு இன்னா ஆச்சு நைனா?" என்றேன். "வெயிலு" என்றார். இன்று மறுபடி உட்கார்ந்தார். நான் அடுப்பங்கரையிலிருந்து எட்டிப் பார்த்தபோது ஸ்டியரிங்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு கண்ணை மூடியிருந்தார். தூங்குகிறார் என்று நினைத்தேன். பிறகு எழுந்து தொட்டியடிக்குப் போய் முகத்தில் தண்ணீர் அடித்துக்கொண்டார். ராத்திரி சோறு வேண்டாம் என்றார். வெயில்தான் போலிருக்கிறது. மலையெல்லாம் பாறை, இந்த ஊரில் சாயங்காலம்கூட அடுப்பு மாதிரி இருக்கிறது.

வெண்மதி


பெங்களூரு
9 ஜூலை 2025

‘சரியாகிவிட்டது’ என்று ஒரு வரி போட்டால் போதும்.

நைனாவுக்கு அந்த கேம் சலித்திருக்கும். எல்லாருக்கும் சலிக்கும். ஃபேனுக்கு நேராக நாற்காலியை நகர்த்திப் போடு.

வளவன்


செஞ்சி
4 ஆகஸ்ட் 2025

நேற்று ஆடிப்பெருக்கு. ஸ்டுடியோவில் ஆல்பத்தைக் கொடுத்துவிட்டு வந்தேன். பின்பக்கம் வண்டி இல்லை. தார்ப்பாயை மடித்துச் சுவர் ஓரம் வைத்திருக்கிறது. வண்டி நின்ற இடத்தில் எண்ணெய்க் கறை.

அவலூர்பேட்டையில் மல்லாட்டை மண்டி வைத்துக் கடலை வியாபாரம் செய்கிற தேவேந்திரன் ஓட்டிக்கொண்டு போயிருக்கிறார். ஆடியில் எவனும் வண்டி வாங்க மாட்டான், அதனால் பெருக்கன்று நாள் பார்த்து வந்திருக்கிறார். எத்தனை வருஷம் கேட்டார் அந்த ஆள்! "என் பொணத்து மேல ஏத்தி ஓட்டிக்கினு போ" என்று சொல்லி அனுப்பியவர் நம் நைனா. இப்போது அவரே ஆள் அனுப்பிக் கூப்பிட்டிருக்கிறார். முன்கண்ணாடியில் ‘வளவன் வெண்மதி’ என்று ஒட்டியிருந்ததைக்கூட எடுக்கவில்லை. அம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். நைனா டி.வி. பார்க்கிறார். சத்தமே வைக்காமல் பார்க்கிறார்.

போன வாரம் நீ அவரோடு போனில் பேசினாய். அதற்குப் பிறகுதான் இது. என்ன சொன்னாய்? டயர் வெடிக்கும் என்றாயா? புத்தி என்றாயா? உனக்கு எல்லாமே ஒரு பொருள், வேலை செய்யவில்லையா, தூக்கிப் போடு. தீபாவளி வரை பொறுத்திருக்க முடியாதா உன்னால்?

எனக்கு இனி போன் செய்யாதே. பிளாக் செய்துவிட்டேன். மெயில்தானே உனக்குப் பிடிக்கும்.


பெங்களூரு
5 ஆகஸ்ட் 2025

வெண்மதி,

போன வாரம் நானும் நைனாவும் போனில் பேசியது முழுதும் இதுதான். "சாப்டியா?" "ம். நீ?" "ம். மாத்திரை?" "போட்டேன்." "சரி, வைக்கிறேன்." நம் வீட்டு ஆம்பளைகள் பேசுவது இவ்வளவுதான் என்று உனக்குத் தெரியாதா? இதில் எந்த வார்த்தையில் நான் வண்டியை விற்றேன் என்று சொல்.

அவரே யோசித்து எடுத்த முடிவு. சரியான முடிவு. தலைசுற்றலோடு ஓட்டி வல்லம் ரோட்டில் எவன் மேலாவது ஏற்றியிருந்தால்? அதற்கும் என்னைத்தான் கேட்பாய். ஆல்பத்தில் மாப்பிள்ளை மூக்கைத் திருத்துகிற மாதிரி எல்லாவற்றையும் அழகாக்கியே பார்க்கிறாய் நீ. அவருக்கு வயதாகிவிட்டது. ஒத்துக்கொள். அவர் ஒத்துக்கொண்டுவிட்டார்.

பிளாக் செய்ததை நீயே எடு. நான் கேட்க மாட்டேன்.

வளவன்


செஞ்சி
30 ஆகஸ்ட் 2025

அண்ணா,

இவ்வளவு நாள் எழுதக் கூடாது என்றுதான் இருந்தேன். இன்று ஒன்று கேட்டேன், அதனால் எழுதுகிறேன்.

வண்டியைத் தன் பேருக்கு மாற்றக் கையெழுத்து வாங்க தேவேந்திரன் வந்திருந்தார். நான் உள்ளே டீ போட்டுக்கொண்டிருந்தேன். அவர் சும்மா இருக்காமல் கேட்டார்.

"ஏண்ணே, ஆளு நல்லாத்தான இருக்குறீங்க? தீபாவளிக்கு மேல நானே ஓட்டுவேன்னு கமிட்டியில எல்லார்கிட்டயும் சொல்லிக்கினு இருந்தீங்களாமே."

"நல்லா இல்ல தேவேந்திரா."

"டாக்டர் இன்னா சொன்னாரு?"

"டாக்டர் இன்னாத்த சொல்றது? பையன் உள்ள கம்ப்யூட்டர்ல ஒரு வண்டி வச்சிக் குடுத்தான். தினம் அதுல ஓட்டிப் பார்த்துக்கினே இருந்தேன். தோ இந்த ஆனி வரைக்கும் ஜோரா இருந்துது. ஊருக்கு இந்த முனையில ஏத்தி அந்த முனையில இறக்குவேன், தலை ஒண்ணும் பண்ணாது. சரி, நரம்பு தேறிடுச்சி, ரோடு ஏறிடலாம்னு இருந்தேன். திடீர்னு ஒரு நாளு உக்காந்தா சுத்துது. மறுநாளும் சுத்துது. கண்ணை மூடித் தொறந்து பார்க்கிறேன், வாந்தி வர்ற மாதிரி இருக்குது. ஒரு வாரம் பார்த்தேன். பொம்மை வண்டிய ஓட்ட முடியாதவன், மூட்டை ஏத்திக்கினு பஸ்ஸுக்கு எதிர்ல போறதா? நாலு பேரைக் கொல்லவா?"

"வூட்ல சொல்லலியா?"

"சொன்னா அதுங்க அழும்."

டீயை நான் கொண்டுபோகவில்லை. அம்மாவிடம் கொடுத்தனுப்பினேன்.

உன்னைத் திட்டியது தப்பு. நீ ஒன்றும் சொல்லவில்லை, தெரிந்துவிட்டது. பிளாக்கை எடுத்துவிட்டேன், ஆனால் போனில் பேச எனக்கு இப்போது வராது. ஒன்று மட்டும் சொல். ஆனி மாதத்தில் அந்த நரம்புக்குத் திடீரென்று என்ன ஆகியிருக்கும்? டாக்டரிடம் என்னவென்று கேட்பது? மாத்திரை மாறியதா என்று பழைய அட்டையை எல்லாம் எடுத்துப் பார்த்தேன். மாறவில்லை. சாப்பாடு மாறவில்லை. வேறு எதுவுமே மாறவில்லை.

வெண்மதி


பெங்களூரு
30 ஆகஸ்ட் 2025

வெண்மதி,

மாறியது. நான்தான் மாற்றச் சொன்னேன்.

ஷிப்டில் உட்கார்ந்து எழுதுகிறேன். போன் அடித்துக்கொண்டிருக்கிறது, எடுக்கவில்லை.

மே மாதம் அந்த ஸ்டியரிங்கை மாட்டிய அன்று நீ ஸ்டுடியோவில் இருந்தாய். நைனா உட்கார்ந்த உடனே அவருக்குத் தலை சுற்றிவிட்டது. நம் கார்டு அந்த கேமுக்கு ஒரு நொடி நூற்றிருபது படம் தருகிறது, அடுத்த நொடி எழுபது தருகிறது. நடுவில் படம் குறுக்காகக் கிழிந்து சேர்கிறது. உனக்கோ எனக்கோ அது தெரியாது. பேலன்ஸ் நரம்பு அடிபட்டவருக்குத் தெரியும். வண்டி ஓடுகிறது என்று கண் சொல்லும், விட்டுவிட்டு ஓடுகிறது என்று ஏதோ ஒன்று சொல்லும், தலை அல்லாடும். அன்று மத்தியானம் முழுக்க உட்கார்ந்து அந்த கேமுக்கு என்று தனியாக ஒரு புரொஃபைல் செய்தேன். கார்டின் கன்ட்ரோல் பேனலில் எல்லாவற்றுக்கும் பொதுவான செட்டிங் ஒன்று இருக்கும், ஒவ்வொரு புரோகிராமுக்கும் தனித்தனியாகவும் வைக்கலாம். இந்த ஒரு கேமுக்கு மட்டும் படத்தை அறுபதில் பூட்டினேன். கிழியாமல் நிறுத்தினேன். ஸ்டியரிங்கைத் திருப்பிய உடனே படமும் திரும்புகிற மாதிரி வைத்தேன். நைனா ஓட்டிப் பார்த்து, "இப்ப தார் ரோடு மாதிரி கீது" என்றார்.

அதையெல்லாம் கேமுக்குள்ளேயே பாதி செய்திருக்கலாம். செய்திருந்தால் அழிந்திருக்காது. கார்டில் செய்வதுதான் சரியான முறை என்று நான்தான் மேதாவி மாதிரி அங்கே செய்தேன். ஒரு பிரதி எடுத்து வைக்கவில்லை. உன்னிடம் சொல்லவும் இல்லை, சொன்னால் உனக்குப் புரியாது என்று.

கிளீன் இன்ஸ்டால் அதைத்தான் துடைத்தது. குப்பை என்று நான் சொன்னது அதைத்தான். கேமைத் திறந்தால் உள்ளே எல்லாம் பழைய மாதிரியே இருக்கும், ரோடும் வண்டியும் மெனுவும். அவர் எதைச் சந்தேகப்படுவார்? தன்னைத்தான் சந்தேகப்பட்டிருக்கிறார். ஒரு வாரம்! தினமும் உட்கார்ந்து பார்த்திருக்கிறார். நீ எனக்கு எழுதினாய், கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார் என்று. சலித்திருக்கும் என்றேன். நாற்காலியை நகர்த்து என்றேன்.

அவர் காதுக்குப் புதிதாக ஒன்றும் வரவில்லை, வெண்மதி.

மதிப்புகளை எல்லாம் கீழே எழுதியிருக்கிறேன். கன்ட்ரோல் பேனலைத் திற, புரோகிராம் செட்டிங் பக்கத்துக்குப் போ, கேமைச் சேர், நான் எழுதியபடி ஒவ்வொன்றாக வை. மெதுவாகச் செய். எங்கே சந்தேகம் வந்தாலும் கேள். எத்தனை தடவை வேண்டுமானாலும் கேள்.

வளவன்


செஞ்சி
2 செப்டம்பர் 2025

அண்ணா,

வைத்துவிட்டேன். சரியாக இருக்கிறதா என்று பார்க்க நானே கேமைத் திறந்தேன்.

அவர் வண்டி ரோட்டு ஓரத்தில் நிற்கிறது. வெள்ளைக் கோட்டுக்கு வெளியே, புல்லில் இரண்டு சக்கரத்தை ஏற்றி, ஒழுங்காக நிற்கிறது. ஹேண்ட் பிரேக் போட்டிருக்கிறது. நாலு இண்டிகேட்டரும் மினுக்கிக்கொண்டே இருக்கிறது. பின்னால் லோடு அப்படியே இருக்கிறது. பின்னால் வருகிற பொம்மைக்காரன் எவனும் இடித்துவிடக் கூடாது என்று ஓரம் கட்டிவிட்டுத்தான் எழுந்து போயிருக்கிறார். அந்த மினுக்கலைப் பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். ஆனியிலிருந்து மினுக்கிக்கொண்டே இருந்திருக்கிறது என்று ஒரு நினைப்பு. முட்டாள்தனம்தான்.

நைனாவைக் கூப்பிட்டேன். வரமாட்டேன் என்றார். "ஒரே ஒரு தடவை நைனா" என்றேன். நின்றுகொண்டே ஸ்டியரிங்கைப் பிடித்து, வண்டியைக் கொஞ்ச தூரம் நகர்த்தினார். பிறகு உட்கார்ந்தார். ஒரு திருப்பம் திருப்பினார். ஹாரன் அடித்தார்! எனக்கு அழுகை வந்துவிட்டது. அவர் அதைப் பார்த்துவிட்டார்.

"இன்னா பண்ண இதுல?"

"அண்ணன் சரி பண்ணச் சொன்னாரு. அப்ப சுத்துனது உங்க தலை இல்ல நைனா, கார்டு."

திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். "எனக்காக சுலுவா மாத்திக்கினீங்களா?" என்றார். மறுபடியும் ஓரம் கட்டினார், ஹேண்ட் பிரேக் போட்டார், எழுந்து போய்விட்டார்.

என்னால் அவருக்கு விளக்க முடியவில்லை. எனக்கே பாதிதான் புரிகிறது. இதை மெயிலில் சரிசெய்ய முடியாது. நீ வா. வந்து உன் வாயால் சொல்.

வெண்மதி


பெங்களூரு
15 செப்டம்பர் 2025

மதி,

பஸ் ஏற்றிவிட வந்த உன்னிடமும் நான் ஒழுங்காகப் பேசவில்லை. அதனால் இங்கே எழுதுகிறேன்.

நீ கடைக்குப் போயிருந்தபோதுதான் நைனாவிடம் சொன்னேன். அவர் பின்பக்கம் அந்த எண்ணெய்க் கறை மேல் மண் போட்டு மிதித்துக்கொண்டிருந்தார்.

"நைனா, உங்க காது இல்ல. நான் உங்களுக்குனு போட்ட செட்டிங் போயிடுச்சி. நான்தான் அழிக்கச் சொன்னேன். தெரியாம சொல்லிட்டேன்."

"வெண்மதி சொன்னா."

"இப்ப பழைய மாதிரி போட்டாச்சி. ஓட்டிப் பாருங்க."

"ஏன்டா, அந்த செட்டிங் இருந்தா சுத்தாது, எடுத்துட்டா சுத்தும். அதான?"

"ஆமா."

"அப்ப மொதல்ல ஒரு மாசம் நல்லா ஓட்டினது?"

நானும் குனிந்து மண்ணை அள்ளிப் போட்டேன்.

"அதுவும் நான் ஓட்டலை. நீ ஓட்ட வச்ச." மண்ணை மிதித்துக்கொண்டே சொன்னார். "ரோட்டுக்கு எவன்டா செட்டிங் போடுவான்?"

இல்லை நைனா, ரோடு கிழியாது, ரோடு விட்டுவிட்டு வராது, அந்தக் கோளாறு மெஷினுடையது, நான் அந்தக் கோளாறை எடுத்தேனே தவிர ஓட்டியது நீங்கள்தான் — இதைச் சொல்லியிருக்க வேண்டும். பஸ் திருவண்ணாமலை தாண்டிய பிறகுதான் இது எனக்கு வரிசையாக வந்தது. அங்கே நின்றபோது பிரேம் என்றேன், ரெஃப்ரெஷ் என்றேன், ஒரு நொடிக்கு இத்தனை என்றேன், குரலை உயர்த்தினேன்கூட. வேலையில் முன்பின் தெரியாதவன் எவனுக்கும் விளக்கிவிடுகிறேன். அவர் கடைசியில், "சரி, உடு. போய் சாப்டு" என்றார்.

மறுநாள் காலை மண்டகப்பட்டு நண்பனைப் பார்க்கப் போகிறேன் என்றேன் அல்லவா? பொய். அவலூர்பேட்டை போனேன். தேவேந்திரன் மண்டி வாசலில் நம் வண்டி நின்றது. மாடு ஏற்றுவதற்கு உயரமாகச் சட்டம் அடித்திருக்கிறார்கள். நேராகவே கேட்டேன், வண்டியைத் திருப்பிக் கொடுங்கள் என்று. என்னைத்தான் தெரியுமே, சுற்றி வளைத்துக் கேட்கத் தெரியாது.

அவர் கோபப்படவில்லை. உட்காரச் சொன்னார். "தம்பி, தர மாட்டேன்னு இல்ல. என் பொண்ணு வூட்டுக்காரன் அதுலதான் பொழைக்கிறான். அவன் வாய்ல இருந்து எப்டி புடுங்குறது, நீயே சொல்லு" என்றார். எழுந்துவிட்டேன். கிளம்பும்போது கூடவே வந்து இதைச் சொன்னார்.

"சாவி வாங்குன அன்னிக்கி உங்க நைனா, ‘கேட்டு வரைக்கும் நானே எடுத்துத் தரேன்’னாரு. செருப்பைக் கழட்டிட்டு ஏறப் போனாரு. படியில கால வச்சவரு அப்டியே நின்னுட்டாரு. ‘வேணாம், நீயே எடு’ன்னு எறங்கிட்டாரு. நான் வண்டிய எடுத்துக்கினு வந்துட்டேன். கண்ணாடியில பார்க்கிறேன், செருப்ப கையில வச்சிக்கினு நிக்கிறாரு தம்பி."

இதை உன்னிடம் சொல்லக் கூடாது என்று நினைத்தேன். ஆனால் தனியாக வைத்துக்கொள்ள முடியவில்லை.

தீபாவளி முடிந்ததும் டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போ. என்னை நம்ப வேண்டாம், டாக்டரை நம்பட்டும். நானும் வருகிறேன் என்றதற்கு அவர் வேண்டாம் என்றார், அது உனக்கும் தெரியும்.

வளவன்


செஞ்சி
2 நவம்பர் 2025

அண்ணா,

டாக்டர் பார்த்தார். கண்ணை மூடி நிற்க வைத்தார், நேர்கோட்டில் நடக்க வைத்தார், தலையை வேகமாகத் திருப்பித் திருப்பிக் கண்ணைப் பார்த்தார். "நல்லா இருக்கீங்க, வண்டி ஓட்டலாம்" என்றார். நான் நைனாவின் முகத்தைப் பார்த்தேன். பரீட்சையில் பாஸான பிறகு பள்ளிக்கூடத்தையே மூடிவிட்டார்கள் என்று கேட்ட மாதிரி இருந்தது. "சரிங்க" என்றார். வரும்போது பஸ்ஸில் டிரைவருக்குப் பின் சீட்டில் உட்கார்ந்து ரோட்டைப் பார்த்துக்கொண்டே வந்தார். 

அன்று சாயங்காலம் நான் கூப்பிடாமலே கம்ப்யூட்டர் முன்னால் வந்தார். காலைத் துடைத்தார். மினுக்கிக்கொண்டிருந்த இண்டிகேட்டரை அணைத்துவிட்டு வண்டியை எடுத்தார். அம்மா கூப்பிட்டாள். "இரு, லோடு இருக்குது" என்றார். அவள் பதிலுக்குக் கத்தவில்லை. ஈரக் கையோடு வந்து கதவருகே நின்றாள். ஆனியில் ஏற்றிய லோடை இறக்கி முடித்துவிட்டு எழுந்தார். எப்படி இருந்தது என்று கேட்க எனக்குத் தைரியம் இல்லை.

போன வாரம் தேவேந்திரன் போன் செய்தார். மருமகனுக்கு விஷக் காய்ச்சல், மல்லாட்டை மூட்டை மழையில் நனைகிறது, ஒருநாள் வந்து ஓட்டித் தர முடியுமா என்று. போகாதீர்கள் என்று சொல்ல நான் வாயைத் திறந்தேன். தன் வண்டியிலேயே அடுத்தவனுக்கு ஓட்டுவதா? நைனா சட்டையை மாட்டிக்கொண்டிருந்தார். "மூட்டை நனையுதுடி" என்றார். அவ்வளவுதான், பஸ் ஏறிவிட்டார்.

இருட்டுவதற்குள் வந்துவிட்டார். காலெல்லாம் சேறு. சாப்பாடு போட்டுவிட்டு எதிரில் உட்கார்ந்தேன்.

"வண்டி எப்டி கீது நைனா?"

"ஸ்டியரிங்கு இடப்பக்கம் இழுக்குது. அந்தப் பையன் பார்க்கலை. சொல்லிட்டு வந்தேன்." ஒரு வாய் சாப்பிட்டார். "நம்ம பேரைச் சுரண்டிட்டானுங்க. பசை மட்டும் ஒட்டிக்கினு கீது."

"தலை?"

"ஒண்ணும் பண்ணலை."

"ரோடு?"

நிமிர்ந்து என்னைப் பார்க்கவில்லை. சோற்றைப் பிசைந்துகொண்டே சொன்னார். "மொதல்ல செஞ்சி குடுத்தானே உங்க அண்ணன், அதே மாதிரிதான் இருந்துது. ஒரே சீரா."

உனக்கு இதைச் சொல்லத்தான் இவ்வளவு நீளமாக எழுதினேன். எப்போதும்போல் பாதிக் கடிதம் அம்மா கத்தியதும் கத்தாததுமாக இருக்கிறது, பொறுத்துக்கொள்.

தேவேந்திரனின் மருமகன் தேறிவிட்டானாம். நைனாவை மறுபடி கூப்பிடவில்லை. கமிட்டியில் யாருக்காவது ஆள் வேண்டுமா என்று கேட்டு வைத்திருக்கிறார். நேற்று கம்ப்யூட்டர் ஸ்டியரிங்கைக் கழற்றித் துடைத்துப் பழைய பெட்டியிலேயே போட்டார். அந்தத் தார்ப்பாயை எடுத்து அதன்மேல் போர்த்திக் கட்டினார். எனக்கு ஆல்பம் இருந்தது. மேசை எனக்கே முழுதாகக் கிடைத்துவிட்டது.

கார்டில் அந்த கேமின் பெயரில் புரொஃபைல் மட்டும் இருக்கிறது. கேமையே விளையாடப் போவதில்லை, வீணாக எதற்கு என்று, "இதையும் அழிச்சிடட்டுமா நைனா?" என்று கேட்டேன்.

கயிற்றின் முடிச்சை இறுக்கிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்தார்.

"அது இன்னா பண்ணுது உன்னை? இருக்கட்டும். எனக்குனு அவன் போட்டது."

வெண்மதி